காற்றுக்கு என்ன அவசரம்?

ஓடும் ரயிலை நிறுத்துவது ஒரு காலத்தில் எஞ்ஜின் டிரைவரின் வேலையாக இருக்கவில்லை. அவர் விசில் ஊதுவார், அதோடு சரி. மிச்சத்தைப் பிரேக்மேன்கள் பார்த்துக்கொள்வார்கள். அமெரிக்க கூட்ஸ் வண்டிகளில் அவர்களுடைய ஆபீஸ், வேகனின் கூரை. மழையோ பனியோ, ஒரு கூரையிலிருந்து அடுத்த கூரைக்குத் தாவி, அங்கே நட்டுவைத்திருக்கும் இரும்புச் சக்கரத்தைத் திருக வேண்டும். வண்டி எங்கே நிற்கும் என்பது கடவுளும் சரிவும் பேசி முடிவு செய்கிற விஷயம். ரயில் முதலாளிகளுக்கு இந்த ஏற்பாட்டில் ஒரு குறையும் தெரியவில்லை. கூரையில் ஏறியவர்கள் அவர்கள் இல்லையே.

இந்தச் சமயத்தில்தான் ஜார்ஜ் வெஸ்டிங்ஹவுஸ் என்ற பையன் வருகிறான். சந்தா பிடிக்க வந்த ஒரு பெண்ணுக்கு இல்லை என்று சொல்ல முடியாமல் ஒரு பத்திரிகையை வாங்கினானாம். அதில் ஆல்ப்ஸ் மலையைக் குடைந்து சுரங்கம் போடுவதைப் பற்றி ஒரு கட்டுரை. அழுத்திய காற்று குழாய் வழியே போய்ப் பாறையைத் துளைக்கிறது என்றால், ஒரு மரக்கட்டையைச் சக்கரத்தின் மேல் வைத்து அழுத்தாதா? (பத்திரிகைச் சந்தாவால் மனிதகுலம் பிழைத்ததற்கு எங்கள் தொழிலிடம் உள்ள ஒரே சாட்சி இது. ஆகவே குறுக்கு விசாரணை செய்ய எனக்கு மனமில்லை.) காற்றை வைத்து ரயிலை நிறுத்துவதா என்று ரயில் அரசர் வாண்டர்பில்ட் அவனை விரட்டியடித்ததாகவும் ஒரு கதை உண்டு.

1869இல், 22 வயதில், காப்புரிமை வாங்கிவிட்டான். இனி ‘ர்’ போடுவோம். பிட்ஸ்பர்க்கில் சோதனை ஓட்டம். சுரங்கத்தைவிட்டு வெளியே வந்தால் தண்டவாளத்தின் குறுக்கே ஒரு குதிரைவண்டி. டிரைவர் டேனியல் டேட் வால்வைத் திருப்ப, ரயில் சில அடி தூரம் முன்னால் நின்றது. உள்ளே வேடிக்கை பார்க்க வந்த பெரிய மனிதர்கள் இருக்கையைவிட்டு உருண்டார்கள். இதைவிட நல்ல விளம்பரம் யாருக்குக் கிடைக்கும்? குதிரைவண்டிக்காரருக்குக் கமிஷன் போன மாதிரி தெரியவில்லை.

அந்த முதல் பிரேக்கில் ஒரு சின்ன சிக்கல். காற்றுக்குழாய் அறுந்தால் பிரேக்கே கிடையாது. அதாவது எப்போது அவசியமோ அப்போது இருக்காது. 1872இல் வெஸ்டிங்ஹவுஸ் கணக்கைத் தலைகீழாக்கினார். குழாயில் எப்போதும் காற்று நிரம்பியிருக்கும். அழுத்தம் குறைந்தால் ஒவ்வொரு பெட்டியிலும் உள்ள தொட்டிக் காற்று பிரேக்கை அழுத்தும். வண்டி இரண்டாகப் பிய்ந்தாலும் இரண்டு துண்டும் தானாக நிற்கும். பயணிகள் வண்டிகளுக்கு இது போதும். அவை குட்டையானவை.

ஆனால் கூட்ஸ் வண்டி? 1886இல் அயோவா மாநிலத்தின் பர்லிங்டனில், 50 வேகன் வண்டிகளை வைத்து ஒரு பிரேக் போட்டி நடத்தினார்கள். அப்போதுதான் காற்றின் சோம்பல் வெட்டவெளிச்சமானது. பந்தியில் முதல் இலைக்காரர் மோர் குடித்து எழுந்த பிறகும் கடைசி இலைக்குச் சாம்பார் வராத கதை. முன்னால் உள்ள வேகன்கள் பிரேக் பிடித்து நிற்க, சேதி எட்டாத பின்வேகன்கள் முழு வேகத்தில் வந்து மோதின. கடைசி வேகனில் அளவெடுக்கப் போனவர்கள் தாங்களே அளவுகோலானார்கள். அடுத்த வருடம் கொஞ்சம் நாகரிகமாக, வேகனுக்குள் ஓர் எடையை வைத்து, அது எத்தனை அங்குலம் சறுக்குகிறது என்று பார்த்தார்கள்.

1887 போட்டியில்தான் நம் கதாநாயகன், எலக்ட்ரோ நியூமேட்டிக் பிரேக், மேடையேறுகிறான். சேதியை மின்கம்பி கொண்டு போகட்டும், உழைப்பைக் காற்று பார்த்துக்கொள்ளட்டும். கம்பியில் மின்சாரம் பாய்ந்ததும் ஐம்பது வேகன்களின் வால்வுகளும் ஒரே நேரத்தில் திறந்தன. மோதல் இல்லை, சறுக்கல் இல்லை. நீண்ட வண்டிக்கு மின்சாரம் இயக்கும் காற்று பிரேக்தான் சிறந்தது என்று போட்டியை நடத்திய கமிட்டி தீர்ப்பெழுதியது. மாலை தயார்.

வெஸ்டிங்ஹவுஸ் விடுவாரா? சில மாதங்களில் தன் வால்வைத் திருத்தினார். அவசர பிரேக் போட்டால் ஒவ்வொரு வேகனும் தன் பங்குக்குக் குழாய்க் காற்றை வெளியேற்றும். சேதி வேகனுக்கு வேகன் புதுத்தெம்போடு ஓடும். அதே வருடம் 50 வேகன்களை ஊர் ஊராக இழுத்துப்போய்க் காட்டினார். கமிட்டி தீர்ப்பு அலமாரிக்குப் போனது. இதில் வேடிக்கை என்னவென்றால், முந்தின வருடம்தான் அவர் மின்சாரக் கம்பெனி ஆரம்பித்திருந்தார். எடிசனோடு மல்லுக்கட்டி உலகத்துக்கே மாறுதிசை மின்சாரம் விற்றவர், சொந்த பிரேக்கிலிருந்து மின்சாரத்தைத் துரத்திவிட்டார்.

ஒரு தலைமுறைக்குச் சற்றுக் குறைவாகக் கதாநாயகன் திண்ணையில் உட்கார்ந்திருந்தான். மறுபடி கூப்பிட்டது கூட்ஸ் வண்டி இல்லை. ஆபீசுக்கு லேட்டான ஜனங்கள். 1910ஐ ஒட்டி நியூயார்க் சப்வேயில் வண்டிகளைப் பத்துப் பெட்டிகளாக நீட்டினார்கள். இரண்டு நிமிடத்துக்கு ஒரு ஸ்டேஷன், ஒவ்வொன்றிலும் பிளாட்பாரத்துக்குள் கச்சிதமாக நிற்க வேண்டும். பழைய பிரேக்கைக் கொஞ்சமாகத் தளர்த்த முடியாது. விட்டால் முழுசாக விடும், மறுபடி பிடிக்கத் தொட்டியில் காற்று சேர வேண்டும். மின்சாரத்தோடு சேர்ந்த பிரேக்கோ, கூட்டு என்றால் கூட்டும், குறை என்றால் குறைக்கும்.

இங்கிலாந்துக்காரர்கள் ஒரு படி மேலே போனார்கள். ரயிலுக்கு ராணி பெயர் வைப்பார்கள், ஊர் பெயர் வைப்பார்கள். லண்டனின் தெற்குப் புறநகர்களுக்கு 1951இல் வந்த வண்டிக்கு பிரேக்கின் பெயரையே வைத்தார்கள்: 4-இபிபி. எலக்ட்ரோ நியூமேட்டிக் பிரேக் உள்ள நாலு பெட்டி வண்டி என்று அர்த்தம். அத்தனை பெருமை. நம்பிக்கை மட்டும் அவ்வளவு இல்லை. கம்பி செத்தால் மின் பிரேக்கும் சேர்ந்து செத்துப்போகும் என்பதால், வெஸ்டிங்ஹவுஸின் கிழட்டுக் காற்றுக்குழாயையும் அடியிலேயே காவலுக்கு ஓடவிட்டார்கள்.

நம் ஊரில் மெயில், எக்ஸ்பிரஸ்களில் பெரும்பாலானவை இன்றும் காற்று வழியேதான் சேதி அனுப்புகின்றன. பெரம்பூர் ஐ.சி.எஃப்.பில் செய்யும் வந்தே பாரத்தில் எலக்ட்ரோ நியூமேட்டிக் பிரேக் இருப்பதை நவீன வசதிகளின் பட்டியலில் சேர்த்து விளம்பரம் செய்கிறார்கள். கடற்கரை–தாம்பரம் லோக்கலில் அதே ஜாதி பிரேக்கை, 5 ரூபாய் டிக்கெட்டில், வாசலில் தொங்கிக்கொண்டே அனுபவிக்கலாம்.