பரணில் ஐந்து சக்கரவர்த்திகள்

காட்டுப்பாக்கத்தில் எங்கள் வீட்டுப் பரணில், மூக்குடைந்த கொலு பொம்மைகளுக்கும் ஓடாத மிக்ஸிக்கும் நடுவே ஓர் அட்டைப் பெட்டி. உள்ளே ஐந்து சக்கரவர்த்திகள் தூங்குகிறார்கள். ஒவ்வொருவரும் ஒரு காலத்தில் உலகை ஆண்டவர்கள். ரிச்சி ஸ்ட்ரீட்டில் பேரம் பேசி, பஸ்ஸில் மடியில் உட்காரவைத்து அழைத்து வந்தேன். இன்று காயலான் கடைக்காரர்கூட எடை போட யோசிக்கிறார்.

இந்தப் பிராசஸர் வம்சத்தின் மூலவர் இன்டெல் 4004. பிறந்தது 1971, உடம்பில் 2,300 டிரான்சிஸ்டர்கள். ராக்கெட் விடப் பிறந்தவர் என்று நினைத்தீர்களா? ஜப்பானின் பிசிகாம் கம்பெனி கால்குலேட்டருக்காகக் கேட்டு வாங்கிய சில்லு, சார்! கணக்கு எழுத வந்தவர் ராஜ்ஜியத்தைப் பிடித்துவிட்டார். நமக்கென்ன ஆச்சரியம்? 1744-இல் சென்னைக் கோட்டைக்குக் குமாஸ்தாவாக வந்த ராபர்ட் கிளைவைப் பார்த்தவர்கள்தானே நாம்.

பிறகு 8086, 286, 386, 486 என்று வாரிசுகள். பக்கத்து வீட்டு ஏஎம்டியும் தன் பிள்ளைக்கு 386 என்றே பெயர் வைத்தது. ‘அது எங்கள் குலப்பெயர்’ என்று இன்டெல் கோர்ட்டுக்குப் போனது. எண்ணுக்கெல்லாம் பட்டா தர முடியாது என்று 1991-இல் தீர்ப்பு. அதனால் 586 ஆகியிருக்கவேண்டிய ஐந்தாவது வாரிசு, ஐந்து என்பதற்கான கிரேக்கச் சொல்லைப் பிடித்துக்கொண்டு 1993-இல் ‘பெண்டியம்’ என்று முடிசூடினார். கிரேக்கம் என்பதால் கெத்து. நம் ஊரில் பிறந்திருந்தால் பஞ்சு.

பஞ்சுவுக்கு ஒரு சின்னக் குறை. வகுத்தல் வராது. 1994-இல் தாமஸ் நைஸ்லி என்ற கணிதப் பேராசிரியர் விடை தப்பாக வருவதைக் கண்டுபிடித்தார். சாதாரண ஆசாமிக்கு இந்தத் தவறு 27,000 வருஷத்துக்கு ஒருமுறைதான் வரும் என்றது இன்டெல். அத்தனை வருஷம் கரண்ட் போகாமல் இருக்குமா என்று யாரும் கேட்கவில்லை. ‘மாத்திக் கொடு’ என்றுதான் கேட்டார்கள். செலவு 47.5 கோடி டாலர். இதை மட்டும் சரியாகக் கணக்குப் போட்டார்கள்.

ஆனால் இந்த வம்சத்தின் உண்மையான வியாதி சிம்மாசனம். மதர்போர்டில் பிராசஸர் உட்காரும் சாக்கெட்டைத்தான் சொல்கிறேன். சாக்கெட் 5-இல் 320 துளைகள். அடுத்து வந்த சாக்கெட் 7-இல் 321. ஒரே ஒரு துளை! அதில் ஏஎம்டியும், இன்னொரு போட்டிக் கம்பெனியான சைரிக்ஸும்கூட சவுகரியமாக உட்கார்ந்தார்கள். சக்கரவர்த்திக்குப் பொறுக்குமா? 1997-இல் பெண்டியம் 2, உட்காருவதையே விட்டுவிட்டு ஸ்லாட் 1-இல் கேசட் மாதிரி நின்றார். கேஷ் மெமரியைப் பக்கத்திலேயே வைக்க இடம் வேண்டும் என்று காரணம் சொன்னார்கள். வேறு யாரும் அதில் ஏற முடியாது என்பது தற்செயல். நம்புங்கள். கொஞ்ச நாளில் கால் வலித்ததோ என்னவோ, மறுபடி சாக்கெட்டுக்கே வந்துவிட்டார்.

நம்ம துக்ளக் தேவகிரிக்குத் தலைநகரை மாற்றியதைச் சொல்லிச் சிரிக்கிறோம். பெண்டியம் 4-ஐப் பாருங்கள். 2000 நவம்பரில் சாக்கெட் 423. அடுத்த ஆகஸ்டில் சாக்கெட் 478. பழைய மதர்போர்டின் ஸ்டிக்கர்கூட உரிந்திருக்காது. வேகம், வேகம் என்று ஓடியவர் சூடாகிச் சூடாகி, 4 கிகாஹெர்ட்ஸ் வருவதாகச் சொன்னது வராமலே போனது. 2004 அக்டோபரில் ஆர்லாண்டோ மேடையில் இன்டெல் தலைவர் கிரெய்க் பேரட், வேடிக்கையாகத்தான், மண்டியிட்டு மன்னிப்புக் கேட்டார். வேடிக்கையோ என்னவோ, முட்டி தரையில் பட்டது நிஜம்.

சக்கரவர்த்தி திருந்தினாரா? 1156, 1155, 1150, 1151 என்று பழைய டெலிபோன் நம்பர் போலப் புதுப்புதுச் சிம்மாசனங்கள். உச்சக்கட்டம் 2017. எட்டாம் தலைமுறைக்கும் அதே 1151 காண்டாக்ட்கள்தான். அப்பாடா என்று பழைய போர்டில் வைத்தால், ஓடாது! பத்துப் பொருத்தமும் பார்த்து, பந்தி போட்டு, தாலி கட்டும் நேரத்தில் எழுந்து போகிற மாப்பிள்ளை.

சிற்றரசர் ஏஎம்டியோ ஏஎம்4 என்ற ஒரே நாற்காலியில் ரைசன் பிள்ளைகளைத் தலைமுறை தலைமுறையாக உட்காரவைத்தார். 2022-இல்கூட புதுசாக ஒருவர் வந்து அமர்ந்தார். அடடா, எளிமை! அதே வருஷம் சிற்றரசரும் ஏஎம்5-க்கு மாறிவிட்டார்.

போரூர் டிராஃபிக் மனசு வைத்தால் எங்கள் வீட்டிலிருந்து ஒரு மணி நேரத்தில் போய்விடக்கூடிய சென்னை ஐஐடியிலும் ஒரு ராஜகுமாரி உண்டு. பேராசிரியர் காமகோடி குழு வடிவமைத்த ‘சக்தி’. அவள் பேசும் ரிஸ்க்-ஃபைவ் பாஷைக்குப் பட்டா சண்டையே கிடையாது, யாரும் இலவசமாக எடுத்துக்கொள்ளலாம். 2018-இல் முதல் தொகுப்பாக வந்த 300 சில்லுகளில் லினக்ஸும் ஓடியது. சுதேசிச் சிப் என்று ஊரே கொண்டாடியது. பிரசவம் எந்த ஆஸ்பத்திரியில் என்று விசாரித்தேன்.

அமெரிக்காவின் ஓரிகனில், இன்டெல் ஆலையில்.