ஒற்றை வரி ஏட்டின் பாடபேதங்கள்: 'தி சிம்ஸ்' விளையாட்டின் பதிப்பு எண்ணைக் கையால் திருத்தும் வழக்கம் பற்றிய ஓர் ஆராய்ச்சி

பதிப்பு எண் என்பது ஒரு கணினி நிரல் தன் வளர்ச்சியின் எந்தப் படியில் நிற்கிறது என்பதைப் புள்ளிகளால் பிரித்த சில எண்களைக் கொண்டு அறிவிக்கும் தொடர். பதிப்பு எண் கோப்பு என்பது அத்தொடரையும், மிகுந்தால் வேறு சில வரிகளையும் மட்டுமே தாங்கி நிற்கும் எளிய உரைக்கோப்பு. எழுதப்பட்டவற்றுள் மிகச் சிறிய நூல் வகை இதுவே என்று கொள்ள இடமிருக்கிறது. ஆயினும் இதற்கு நேர்ந்துள்ள பாடபேதங்களும் இடைச்செருகல்களும், ஏடெழுதுவோர் கைபட்டுக் கைமாறி வந்த பெருநூல்களுக்கு நேர்ந்தவற்றுக்குச் சற்றும் குறைந்தவை அல்ல. மூல ஆசிரியர் யாரென்பதில் ஐயமில்லை, மூலபாடமும் அழியவில்லை. அவ்வாறிருந்தும் வாசகர் தாமே நோட்பேடைத் திறந்து, அதிலுள்ள எண்ணை அழித்து, தமக்கு வேண்டிய எண்ணை எழுதிச் சேமிக்கும் வழக்கம் 'தி சிம்ஸ்' என்னும் விளையாட்டை ஆடுவோரிடையே நிலைபெற்றிருப்பது ஆராயத் தக்கது.

'தி சிம்ஸ்' 2000-ஆம் ஆண்டில் மேக்சிஸ் நிறுவனம் உருவாக்கி எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் வெளியிட்ட விளையாட்டு. வில் ரைட் என்பவர் வடிவமைத்தது. இதன் மூன்றாம் பாகம் 2009-இலும் நான்காம் பாகம் 2014-இலும் வந்தன. இதில் வெற்றியும் இல்லை, தோல்வியும் இல்லை. ஒரு வீட்டைக் கட்டி, அதில் சிலரைக் குடிவைத்து, அவர்கள் உண்பதும் உறங்குவதும் வேலைக்குப் போவதும் காலத்தோடு நடக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருப்பதே ஆட்டம். சொந்த வீட்டில் இவற்றைச் செய்ய அலுத்துக்கொள்பவர்களும் திரையில் இரவு இரண்டு மணி வரை சலிக்காமல் செய்கிறார்கள் என்பது தனி ஆய்வுக்குரிய பொருளாதலால் இங்கே விடப்படுகிறது. நிறுவனம் தந்ததோடு நிறைவு கொள்ளாதவர்கள் வெளியார் செய்தளிக்கும் மாட்களைச் சேர்க்கின்றனர். மாட் என்பது விளையாட்டின் போக்கை மாற்றவோ பெருக்கவோ செய்யும் இணைப்புக் கோப்பு. நான்காம் பாகத்தில் இஃது இருவகைப்படும்: தலைமுடி, நாற்காலி, சுவர்த்தாள் முதலியவற்றையும் விதிகளில் சிறு மாற்றங்களையும் கொண்டு வரும் '.பேக்கேஜ்' கோப்புகள் ஒரு வகை. பைத்தான் மொழியில் எழுதப்பட்டு, விளையாட்டின் மூளைக்குள்ளேயே புகுந்து வேலை செய்யும் '.டிஎஸ்4ஸ்கிரிப்ட்' கோப்புகள் மற்றொரு வகை. முன்னது பெரும்பாலும் சாதுவானது. கலகம் பின்னதிலிருந்தே பிறக்கிறது.

கலகத்தின் காரணம் எளிது. நிறுவனம் தன் விளையாட்டை அடிக்கடி புதுப்பிக்கிறது. ஒவ்வொரு புதுப்பிப்பிலும் உள்ளமைப்பு மாறுவதால் பழைய அமைப்பை நம்பி எழுதப்பட்ட மாட்கள் உடைகின்றன. உடைந்த மாட் ஒன்று இருந்தாலும் கதவு திறக்காமை, மெனு வராமை, கதைமாந்தர் நட்டநடுத் தெருவில் சிலையாகி நிற்றல் போன்ற விளைவுகள் தோன்றுகின்றன. மாட் செய்தவர் அதைச் சரிசெய்து வெளியிடும் வரை ஆட்டக்காரர் காத்திருக்க வேண்டும். அவர் படிப்பை முடித்து வேலைக்குப் போய் மாட் செய்வதையே விட்டிருந்தால் காத்திருப்பதிலும் பயனில்லை. இந்நிலையில் ஆட்டக்காரருக்கு வேண்டியது ஒன்றே: தன் விளையாட்டு பழையதாகவே இருக்க வேண்டும், ஆனால் அது பழையது என்பது உரியவர்களுக்குத் தெரியக்கூடாது. பதிப்பு எண்ணைத் திருத்தும் கலை முழுவதும் இந்த ஒரு தேவையிலிருந்தே கிளைத்தது எனலாம்.

திருத்துமுன் அந்த எண்ணின் இலக்கணத்தை அறிதல் வேண்டும். நான்காம் பாகத்தின் பதிப்பு எண் 1.72.28.1030 என்பது போல நான்கு உறுப்புகளைக் கொண்டது. முதலுறுப்பு விளையாட்டு வந்த நாள் தொட்டு ஒன்றாகவே நின்று அணிசெய்கிறது; இரண்டாவது பெரிய புதுப்பிப்புகளில் ஏறுகிறது; இறுதியுறுப்பு கணினி வகையைக் காட்டுவதால், விண்டோஸில் 1030 என்று முடிவது மேக் கணினியில் இருநூறு கூடி 1230 என்று முடியும். இருவேறு கணினிகளை உடைய இருவர் தத்தம் எண்ணை ஒப்பிட்டு, 'உனக்கு வந்த புதுப்பிப்பு எனக்கு ஏன் வரவில்லை' என்று மனம் நோவது இந்த இருநூறு அறியாமையால். இன்னொன்றும் கவனிக்கத் தக்கது. இங்கே புள்ளி என்பது கணக்கில் வரும் தசமப் புள்ளி அன்று, உறுப்புகளைப் பிரிக்கும் வேலி. ஆகவே பள்ளிக்கூடக் கணக்கின்படி 1.9 என்பது 1.10-ஐவிடப் பெரியதாயினும், பதிப்பு முறைப்படி ஒன்பதுக்குப் பின்னரே பத்து வருமாதலால் 1.10 தான் பிந்தியது. எண்ணை உயர்த்துவதாக எண்ணிக் குறைத்துவிட்ட திருத்தக்காரர்கள் பெரும்பாலும் கணக்கில் நல்ல மதிப்பெண் வாங்கியவர்களாகவே இருக்க வேண்டும்.

மூன்றாம் பாகத்தின் முறை இதனினும் செறிவானது. அதில் அடிப்படை விளையாட்டுக்கு மட்டுமன்றி, பின்னர் வந்த ஒவ்வொரு விரிவாக்கத்துக்கும் தனியே ஒரு பதிப்பு எண் உண்டு. வெளிவந்த வரிசையே எண்ணின் முதலுறுப்பாகும். அடிப்படை விளையாட்டு 1 என்று தொடங்க, 'வேர்ல்ட் அட்வென்ச்சர்ஸ்' 2 என்றும், 'ஆம்பிஷன்ஸ்' 4 என்றும், 'லேட் நைட்' 6 என்றும், 'பெட்ஸ்' 10 என்றும் தொடங்கும். இடையிலுள்ள 3, 5 ஆகியவை பொருள்களை விற்பதற்கென்றே வந்த சிறு தொகுப்புகளுக்குப் போயின. இவ்வெண் ஒவ்வொரு தொகுப்பின் 'கேம்' கோப்புறைக்குள் 'பின்' என்னும் உட்கோப்புறையில் 'எஸ்கேயுவெர்ஷன்.டிஎக்ஸ்டி' என்ற பெயருடைய கோப்பில் உறைகிறது. எண்ணின் வால் பகுதியோ, அப்பிரதி எந்தச் சந்தையில் வாங்கப்பட்டது என்பதைச் சொல்கிறது: 1.67.2.024037 என்றால் ஸ்டீம் கடையில் வாங்கியது; ஒரிஜின் கடை வழியே பெற்றோருக்கு 1.69 என்று எண்ணே இரண்டு படி தள்ளிப் போயிற்று. ஒரே ஆட்டம், ஒரே வீடு, ஒரே பசி. வாங்கிய கடையால் மட்டும் குலம் பிரிந்தது.

இனித் திருத்தத்தின் இயல்பை நோக்கினால், இத்துறையினர் பலரும் காணத் தவறிய ஓர் உண்மை வெளிப்படும். எண்ணை மாற்றுவோர் விளையாட்டை மாற்றுவதில்லை; விளையாட்டிடம் 'உன் வயதென்ன' என்று கேட்பவருக்குக் கிடைக்கும் விடையை மட்டுமே மாற்றுகின்றனர். குடும்ப அட்டையில் வயதைக் குறைத்து எழுதிக்கொள்வதால் மூட்டுவலி நீங்குவதில்லை. எனவே எந்தத் திருத்தம் பலிக்கும், எது பலிக்காது என்பதைக் கோப்பை ஆராய்ந்து அறிய முடியாது. கேட்பவர் யார், அவர் எவ்வளவு எளிதில் நம்புபவர் என்பதை ஆராய்ந்தே அறிய வேண்டும்.

கேட்பவர்களுள் மிக எளிதில் நம்புவது லாஞ்சர். விளையாட்டைக் கடையிலிருந்து இறக்கி, நிறுவி, புதுப்பித்து, திறந்தும் விடுகிற முகப்பு நிரல் அது. முன்னாளில் ஒரிஜின் என்ற பெயரிலும் பின்னாளில் ஈஏ ஆப் என்ற பெயரிலும் வழங்கிய இது, நிறுவப்பட்ட விளையாட்டின் கோப்புறையில் உள்ள 'இன்ஸ்டாலர்டேட்டா.எக்ஸ்எம்எல்' என்னும் கோப்பைப் படித்து, அதிலுள்ள எண்ணைத் தலைமையகம் சொல்லும் எண்ணோடு ஒப்பிட்டு, குறைந்திருந்தால் புதுப்பித்தாலன்றித் திறவேன் என்று வழிமறிக்கும். ஆட்டக்காரர் செய்வது, அக்கோப்பில் உள்ள பழைய எண்ணை நீக்கிப் புதிய எண்ணை எழுதுவது, அவ்வளவே. லாஞ்சர் நிறைவடைந்து வழிவிடுகிறது. உள்ளே ஒரு கோப்பும் மாறியிராது. ஆயிரம் மாட்களும் நேற்றிருந்தபடியே இருக்கும். ஆயினும் இச்சித்தி நிலையற்றது. அடுத்த புதுப்பிப்பு வந்ததும் எண் மீண்டும் பழையதாகிவிடுமாதலால் திருத்தம் ஒரு நோன்பைப் போல் மறுபடி மறுபடி செய்யப்பட வேண்டும். இடையில் வேறேதோ கோளாறுக்காக 'ரிப்பேர்' என்னும் பொத்தானை அழுத்திவிட்டால், லாஞ்சர் கோப்புகளை ஒவ்வொன்றாகச் சரிபார்த்து எல்லாவற்றையும் புதியதாக்கிவிட்டே ஓயும்.

அடுத்தது பேட்ச், அதாவது பழைய பதிப்பைப் புதியதாக்கும் ஒட்டுக்கோப்பு. மூன்றாம் பாகத்தின் காலத்தில் இது தனியே இறக்கிக்கொள்ளத் தக்கதாய் இருந்தது. தனக்குரியதல்லாத எண்ணைக் கண்டால் வேலை செய்ய மறுக்கும் கண்டிப்பும் இதற்கு உண்டு. எண்ணைத் திருத்தி இதன் வாசலைக் கடப்பது அரிதன்று. அரிது அதன் பின் நடப்பதைத் தாங்குவது. வேறுபாடுகளை மட்டும் கொண்ட பேட்ச் என்பது இன்ன கோப்பில் இன்ன இடத்தில் உள்ளதை இன்னதாக மாற்றுக என்னும் கட்டளைகளின் தொகுதியாதலால், கோப்பு எதிர்பார்த்தபடி இல்லாதபோது நல்ல பேட்ச் பாதியில் நின்றுவிடும், அல்லாதது முழுவதும் ஓடி முடிக்கும். இரண்டாவதே கொடிது. பதிப்பாசிரியர் ஒருவர் வேறொரு நூலுக்கு எழுதப்பட்ட பிழைதிருத்தப் பட்டியலைக் கையிலுள்ள நூலுக்குப் பொருத்திப் பார்த்தால் என்ன ஆகுமோ அது இங்கே ஆகும்.

மூன்றாவது, விளையாட்டு தன்னைத் தானே கேட்டுக்கொள்ளும் கேள்வி. நான்காம் பாகம் ஆட்டக்காரரின் 'டாக்குமென்ட்ஸ்' கோப்புறைக்குள், 'எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ்' என்பதன் உள்ளே, 'தி சிம்ஸ் 4' கோப்புறையில், 'கேம்வெர்ஷன்.டிஎக்ஸ்டி' என்னும் கோப்பை எழுதி வைக்கிறது. மாட்களும் சேமித்த ஆட்டங்களும் விருப்பங்களைக் குறிக்கும் 'ஆப்ஷன்ஸ்.ஐஎன்ஐ' கோப்பும் இருப்பது அதே இடத்தில்தான். புதுப்பிப்புக்குப் பின் முதன்முறை திறக்கும்போது விளையாட்டு மாட்கள் அனைத்தையும் முடக்கிவிடுகிறது. பாதுகாப்பு கருதிச் செய்யும் இச்செயல் ஆட்டக்காரர் கண்ணுக்கு வீடு புகுந்து பொருளை அள்ளியதற்கு நிகராகத் தோன்றுகிறது. புதிய எண்ணை 'கேம்வெர்ஷன்' கோப்பில் முன்கூட்டியே எழுதி வைத்தால் புதுப்பிப்பு நிகழ்ந்ததே தெரியாமல் விளையாட்டு மாட்களை விட்டுவிடும் என்பது ஒரு சாரார் கொள்கை. விளையாட்டுக்குத் தன் எண் இயங்குநிரலுக்குள்ளேயே தெரியும், இக்கோப்போ அது வந்துபோனதற்கு இட்ட கையொப்பம் மட்டுமே என்பது மறுசாரார் கொள்கை. இப்பூசலில் தலையிடுவதைவிட, விளையாட்டின் விருப்பப் பக்கத்தில் மாட்களுக்கு ஒன்றும் ஸ்கிரிப்ட் மாட்களுக்கு ஒன்றுமாக இருக்கும் இரண்டு கட்டங்களை மீண்டும் டிக் செய்து, ஒருமுறை மூடித் திறந்தால் போதும் என்பதைச் சுட்டுதல் தகும். ஆனால் இவ்வழி மிக எளிதாதலின் ஆராய்ச்சியாளர்களால் மதிக்கப்படுவதில்லை.

இக்கோப்பின் பாடபேதங்கள் தனித்துக் கூறத் தக்கவை. விண்டோஸ் கணினிகளில் 'டாக்குமென்ட்ஸ்' கோப்புறை ஆட்டக்காரர் அறியாமலே ஒன்டிரைவ் என்னும் இணையக் களஞ்சியத்துக்குள் இடம்பெயர்ந்துவிடுவது உண்டு. அப்போது ஒரே விளையாட்டுக்கு இரண்டு 'தி சிம்ஸ் 4' கோப்புறைகளும், இரண்டு பதிப்பு எண்களும் ஏற்படுகின்றன. இவற்றுள் ஆட்டக்காரர் திருத்துவது விளையாட்டு படிக்காத பிரதியையே என்பது ஏறத்தாழ ஒரு விதி. இனி, கோப்பின் பெயர் முடிவை விண்டோஸ் இயல்பாகவே மறைத்துக் காட்டுவதால், '.டிஎக்ஸ்டி' என்பது இல்லை என்று கருதி அதையும் சேர்த்துப் பெயரிடுவோரின் கோப்பு 'கேம்வெர்ஷன்.டிஎக்ஸ்டி.டிஎக்ஸ்டி' என்று வாலின்மேல் வால் வளர்ந்து நிற்கும். இதை எந்த நிரலும் தேடி வராது. திருத்தியதை விளையாட்டு திரும்ப அழித்தெழுதாமலிருக்கக் கோப்பை 'படிக்க மட்டும்' என்று பூட்டி வைப்போரும் உளர். பூட்டியதை அவர்கள் மறந்துவிட, மாதங்கள் கழித்து மாட் செய்தவர் 'உங்கள் பதிப்பு எண் என்ன' என்று கேட்க, இவர்கள் அக்கோப்பைத் திறந்து, தாம் முன்பு எழுதிய பொய்யைத் தாமே நம்பி, அதையே மேற்கோளாகக் காட்டுகின்றனர். போலிச் சாசனம் எழுதியவனே அதை ஆதாரமாகக் கொண்டு வரலாறு எழுதிய நிகழ்ச்சி சாசன இயலில் அருகியே காணப்படும்.

எஞ்சியிருப்பது நான்காவது கேள்வியாளர், பைத்தான். ஸ்கிரிப்ட் மாட்களுக்குள் இருப்பவை மனிதர் படிக்கும் வரிகள் அல்ல. பைத்தான் தனக்கென மொழிபெயர்த்துக்கொண்ட பைட்கோடு. அத்தகைய கோப்பு ஒவ்வொன்றின் தலையிலும், அது பைத்தானின் எந்தப் பதிப்புக்கு உரியது என்பதைக் குறிக்கும் ஓர் எண் பொறிக்கப்பட்டிருக்கும். அதுவும் ஒரு பதிப்பு எண்ணே. ஆனால் நோட்பேடில் தெரியாது, பைட்டுகளைத் திருத்தும் ஹெக்ஸ் எடிட்டர் வேண்டும். நான்காம் பாகம் தொடக்கத்தில் பைத்தான் 3.3-ஐக் கொண்டிருந்து 2018-இல் 3.7-க்கு மாறியபோது, 3230 என்னும் எண் தாங்கிய பழைய மாட்கள் அனைத்தும் 3394 என்னும் எண்ணை எதிர்பார்த்த வாசலில் ஒரே நாளில் தடுக்கப்பட்டன. எண்ணை மட்டும் 3394 என்று மாற்றினாலும் பயனில்லை. இடைப்பட்ட 3.6-இல் பைத்தான் தன் கட்டளைகள் அனைத்தையும் இரண்டிரண்டு பைட் அளவாக வரையறுத்துவிட்டதாலும், பழைய கோப்பிலோ சில கட்டளைகள் ஒரு பைட்டாகவும் சில மூன்று பைட்டாகவும் இருப்பதாலும், மாட் எப்படியோ உள்ளே நுழைந்தாலும் பைத்தான் அதன் கட்டளைகளைச் சீர்பிரித்துத் தவறாகவே வாசிக்கும். சமையலறைக்குள் செல்லும்படி ஆணையிடப்பட்ட கதைமாந்தர் அங்கே போய்ச் சேருமுன் விளையாட்டு மூடிக்கொள்ளவும் கூடும். மாட் செய்தவரிடம் மூலநிரல் இருந்து, அவர் அதை 3.7-க்கு மறுபடி மொழிபெயர்த்து, உடைந்த இடங்களையும் சரிசெய்து தந்தாலன்றி இதற்கு வேறு எளிய பரிகாரம் இல்லை.