முதல்வர் (பொ)

மதுரை காமராசர் பல்கலைக்கழகத்துக்கு 2012 ஏப்ரலில் துணைவேந்தராக வந்தார் கல்யாணி மதிவாணன். அதற்கு முன் கல்லூரியில் இணைப் பேராசிரியர். பத்தாண்டு பேராசிரியராக இருந்திருக்க வேண்டும் என்பது பல்கலைக்கழக மானியக் குழுவின் (யுஜிசி) விதி. அது இல்லை என்று வழக்கு. 2014 ஜூனில் உயர் நீதிமன்றம் நியமனம் செல்லாது என்றது. 2015 மார்ச் 11-ல் உச்ச நீதிமன்றம் செல்லும் என்றது. மாநில அரசு ஏற்றுக்கொள்ளாதவரை யுஜிசி விதி மாநிலப் பல்கலைக்கழகத்தைக் கட்டாயப்படுத்தாதாம். அவருடைய மூன்றாண்டுப் பதவிக்காலத்தில் அப்போது ஏறக்குறைய ஒரு மாதம் மிச்சம். அந்த நாற்காலியில் உட்கார அவருக்குத் தகுதி உண்டு என்று நாடு ஒருவழியாகக் கண்டுபிடித்தபோது, அவர் மேசையைக் காலி செய்யும் நேரம் வந்துவிட்டது.

அடுத்து வந்தவரின் நியமனத்தையும் 2018 ஜூனில் உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. ராசியான நாற்காலி!

யுஜிசி விதி மாநிலத்தைக் கட்டாயப்படுத்தாது என்பது 2015-ன் சட்டம். 2022 அக்டோபர் 21-ல் கேரளத் தொழில்நுட்பப் பல்கலைக்கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் யுஜிசி விதியை மீறிய நியமனம் செல்லவே செல்லாது என்றது. இரண்டே நாளில் கேரள ஆளுநர் ஒன்பது துணைவேந்தர்களுக்கு ஓலை அனுப்பினார்: நாளை காலை 11.30-க்குள் ராஜினாமா. அந்த நாள் தீபாவளி. அத்தனை புனிதமாகிப்போன யுஜிசி விதிகளில் அந்தப் பத்தாண்டு விதியை 2025 ஜனவரியில் யுஜிசியே தன் வரைவில் தளர்த்தியது. பேராசிரியராக இல்லாவிட்டால் என்ன, தொழில்துறையிலோ பொது நிர்வாகத்திலோ மூத்த பொறுப்பில் இருந்தவரும் துணைவேந்தர் ஆகலாமாம். தேடல் குழுவில் மாநில அரசுக்கு இடமில்லை என்பது கூடுதல் சலுகை. நேற்றுவரை எந்த விதிப்புத்தகத்தைக் காட்டி ஆட்களைத் துரத்தினார்களோ, அதே புத்தகத்தை இன்று அவர்களே மடித்து வைக்கிறார்கள். வெட்கம் என்ற சொல்லுக்கு அதில் பக்கம் ஒதுக்கவில்லை போலும்.

துணைவேந்தர் சண்டையாவது செய்தித்தாளில் வருகிறது. கல்லூரி முதல்வர் கதையைக் கேட்க நாதியில்லை. 2018 விதிப்படி முதல்வராக முனைவர் பட்டம் வேண்டும், பதினைந்தாண்டு அனுபவம் வேண்டும், பத்து ஆய்வுக் கட்டுரை வேண்டும், ஆய்வு மதிப்பெண் 110 வேண்டும். காசு கட்டினால் கட்டுரை போடும் இதழ்கள் யாரை நம்பிக் கடை விரித்திருக்கின்றன என்பது இப்போது புரியும். கேரளத்தில் அரசுக் கல்லூரிகளுக்கு இந்த அளவுகோலை வைத்து 43 பேரைத் தேர்வுக் குழு தேர்ந்தெடுத்தது. அதை இறுதிப் பட்டியலாகப் பார்க்க வேண்டாம், வரைவாக வைத்துக்கொண்டு மேல்முறையீட்டுக் குழு போடுங்கள் என்றார் உயர்கல்வி அமைச்சர். பட்டியல் 76 ஆனது. விவகாரம் நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போனது. அதுவரை? பொறுப்பு முதல்வர்கள்.

நம்மூரில் அரசுக் கலைக் கல்லூரிக்குள் போனால் முதல்வர் அறைச் சுவரில் ஒரு பலகை தொங்கும். பெயர், எதிலிருந்து, எதுவரை. இப்போதெல்லாம் பெயருக்குப் பின்னால் (பொ) என்று அடைப்புக்குறி. அதற்குக் கீழே வருபவரும் (பொ). மூத்த பேராசிரியர் ஒருவர் வகுப்பையும் எடுத்துக்கொண்டு, துறையையும் பார்த்துக்கொண்டு, கோப்புகளிலும் கையெழுத்துப் போடுகிறார். சேர்க்கைக் காலத்தில் "சாருக்கு வேண்டியவர்" என்று ஒரு துண்டுச்சீட்டு வந்தால் முடியாது என்று சொல்ல அவருக்கு எந்தப் பிடிமானமும் இல்லை. ஒரு தொலைபேசி அழைப்பில் பொறுப்பு அடுத்த அறைக்குப் போய்விடும். இதற்காகத்தான் இத்தனை வழக்கும் இழுபடுகிறது என்பேன். முழு முதல்வர் என்றால் பதவிக்கு ஒரு முதுகெலும்பு வந்துவிடும். அது சென்னைக்கும் வேண்டாம், திருவனந்தபுரத்துக்கும் வேண்டாம், டெல்லிக்கும் வேண்டாம். இந்த ஒன்றில் மட்டும் மூவருக்கும் கருத்து வேறுபாடே கிடையாது.

தகுதி விஷயத்தில் இவர்கள் கறாராக இருக்கும் இடமும் உண்டு. அதே கல்லூரியில் சொற்ப ஊதியத்துக்கு உழைக்கும் கௌரவ விரிவுரையாளர் பணிக்கு விண்ணப்பித்துப் பாருங்கள். நெட் உண்டா, செட் உண்டா, முனைவர் பட்டம் உண்டா, மூலச் சான்றிதழ் எங்கே? அங்கே விதி வழிகாட்டுதலா கட்டாயமா என்று எந்த மூத்த வழக்கறிஞரும் எழுந்து வாதாடுவதில்லை. அவருக்குக் கட்டாயம்தான். உட்காரும் நாற்காலி பெரிதாகப் பெரிதாகத்தான் விதிக்குப் பல பொருள் முளைக்கிறது.

சென்னைப் பல்கலைக்கழகத்தில் துணைவேந்தர் பதவி 2023 ஆகஸ்ட்டில் காலியானது. தேடல் குழுவில் யுஜிசி ஆள் வேண்டும் என்று ஆளுநர், வேண்டாம் என்று அரசு. 2024 செப்டம்பரில் பட்டமளிப்பு விழா துணைவேந்தர் இல்லாமலேயே நடந்தது. அன்று பட்டம் வாங்கிய பிள்ளைகள் பாடம் படித்து, தேர்வு எழுதி, மதிப்பெண் எடுத்துத் தங்கள் தகுதியைக் காட்டியிருந்தார்கள். மேலே இருந்தவர்களிடம் அன்று அதைக் கேட்பாரில்லை.