தோத்தது யாராலன்னு பாத்துடலாம்!

கிரிக்கெட்டில் தோற்ற அணி பையைத் தூக்கிக்கொண்டு பேருந்து ஏறிவிடும். கபடியில் தோற்ற அணி தொடை மண்ணைத் தட்டிவிட்டு வீடு போய்ச் சேரும். டோட்டா 2 ஆடித் தோற்ற அணியில் மட்டும் ஒருவர் இடத்தை விட்டு நகர மாட்டார். மற்ற நால்வரும் அடுத்த ஆட்டத்துக்குத் தயாராகிக்கொண்டிருக்கும்போது டிஸ்கார்டில் ஒரு குரல் வரும்: "ஒரு நிமிஷம் இருங்கடா, மேட்ச் ஐடியை எடுத்துக்கறேன். தோத்தது யாராலன்னு பாத்துடலாம்."

அவர்தான் ரீப்ளே அண்ணன். வயது பத்தொன்பதாகவும் இருக்கலாம், முப்பத்தைந்தாகவும் இருக்கலாம். கல்லூரி விடுதியில் இருப்பார்; ஐ.டி. கம்பெனியில் இருப்பார், கைக்குழந்தையைத் தூங்கவைத்துவிட்டு ஹெட்போன் மாட்டுகிற அப்பாவாகவும் இருப்பார். எந்தக் குழுவிலும் ஒருவர் நிச்சயம். இருவர் இருந்தால் அந்தக் குழு அதிக நாள் இருக்காது.

டோட்டா தெரியாதவர்களுக்காக நாலு வரி. அணிக்கு ஐந்து பேர், இரண்டு அணிகள். நூற்றிருபதுக்கும் மேற்பட்ட ஹீரோக்களில் ஆளுக்கொன்றைத் தேர்ந்தெடுத்துக்கொண்டு, மூன்று பாதைகள் வழியாக முன்னேறி, எதிரியின் கோட்டைக்குள் நிற்கும் ஏன்ஷியன்ட் என்ற கட்டடத்தை இடிக்க வேண்டும். ஐவரில் ஒருவர் கேரி. காசு சேர்த்து, ஆயுதம் வாங்கி, கடைசியில் ஆட்டத்தை முடித்துக்கொடுக்க வேண்டியவர். சப்போர்ட் என்பவர் அவரை வளர்த்து ஆளாக்கிவிட்டு, திட்டும் வாங்கிக்கொள்பவர். முக்கால் மணி நேரம்கூட ஓடும். டிரா என்ற பேச்சே இல்லை. ஏதாவது ஓர் அணியின் கட்டடம் விழுந்தே தீரும். விழுந்ததும் தோற்ற ஐவருக்கும் ஒரே கேள்விதான்: யாரால்? நான்கு பேர் அதை இரண்டு கெட்ட வார்த்தையோடு முடித்துக்கொள்வார்கள். அண்ணன் ஆதாரம் தேடுவார்.

ஆதாரம் இருக்கிறது என்பதுதான் வினையே. டோட்டாவில் ஒவ்வோர் ஆட்டத்துக்கும் தனி எண் உண்டு; இப்போதெல்லாம் 10 இலக்கம். அதைத் தேடல் பெட்டியில் போட்டால் அந்த ஆட்டத்தின் முழு ஜாதகமும் வந்து நிற்கும். அண்ணனுக்குச் சொந்த பான் எண் நினைவிருக்காது. கேஸ் புக்கிங் எண்ணுக்கு வீட்டில் மற்றவர்களைக் கேட்பார். ஆனால் போன தீபாவளிக்குத் தோற்ற ஆட்டத்தின் எண்ணைக் கேட்டால் தூக்கத்திலும் ஒப்பிப்பார்.

ஆட்டம் முடிந்ததும் வருகிற கணக்குப் பட்டியலை அண்ணன் கல்யாண வீட்டு மொய் நோட்டைப் படிக்கிற மாதிரி படிப்பார். யார் எத்தனை பேரைக் கொன்றார், எத்தனை முறை செத்தார், எத்தனை கொலைக்குக் கைகொடுத்தார், நிமிடத்துக்கு எவ்வளவு கோல்டு, எவ்வளவு அனுபவம், எதிரிக்கு எவ்வளவு சேதம், எத்தனை லாஸ்ட் ஹிட் (கடைசி அடி கொடுத்துக் காசு வாங்கியது), எந்த நிமிடத்தில் என்ன ஐட்டம் என்று எல்லாம் அதில் இருக்கும். எந்தப் பத்தியைச் சத்தமாகப் படிப்பது என்பதில்தான் அண்ணனின் சாமர்த்தியம். தான் அதிகமுறை செத்திருந்தால் அசிஸ்ட் கணக்கைப் படிப்பார். அசிஸ்ட்டும் குறைவென்றால் சேதக் கணக்குக்குத் தாவுவார். அதுவும் தேறாவிட்டால் லாஸ்ட் ஹிட். நாலும் கைவிட்டால் பட்டியலையே மூடிவிட்டு, "நான் ஸ்பேஸ் கிரியேட் பண்ணேன்டா, அதை நீங்க யூஸ் பண்ணிக்கல" என்பார். எதிரிகளைத் தன் பக்கம் இழுத்துவைத்து மற்றவர்களுக்கு இடம் உண்டாக்கினாராம். அதற்கு எந்தப் பட்டியலிலும் பத்தி கிடையாது என்பது அவருக்குத் தெரியும்.

பட்டியல் வெறும் முன்னுரை. அடுத்தது ரீப்ளே. பலரும் இதை வீடியோ என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்கள், அப்படி இல்லை. யார் எந்த விநாடியில் எங்கே நின்றார், என்ன செய்தார் என்கிற தகவல்தான் கோப்பாகப் பதிவாகிறது. அதை வைத்துக்கொண்டு நம் கணினியே அந்த ஆட்டத்தை மறுபடி நடத்திக் காட்டுகிறது. அதனால் எந்த மூலையிலிருந்தும் பார்க்கலாம்; ஓட்டலாம், நிறுத்தலாம், எதிரணிக்கு என்ன தெரிந்தது என்றும் பார்க்கலாம். இவ்வளவு வசதி இருக்கும்போது அண்ணன் சும்மா இருப்பாரா? ஸ்கிரீன் ஷேர் போட்டு நால்வரையும் உட்காரவைத்துவிடுவார்.

"பாரு, 23வது நிமிஷம். ஸ்மோக் அடிச்சிட்டு அஞ்சு பேரும் வர்றானுங்க. இந்த இடத்துல ஒரு வார்டு இருந்திருந்தா நான் செத்திருப்பேனா? வார்டு யார் போடணும்?"

"ஸ்மோக்ல வந்தா வார்டுல தெரியாதேண்ணே."

ஸ்மோக் என்பது, வார்டு என்கிற காவல் கண்ணிலிருந்து அணியை மறைக்கும் புகை. சிறிது நேரம் மவுஸ் சத்தம் மட்டும் கேட்கும்.

"சரி, அதை விடு. 26வது நிமிஷத்துக்குப் போவோம்."

"அண்ணே, மணி ஒண்ணாயிடுச்சு."

"மணி கிடக்குது. கத்துக்கணும்னா உக்காரணும்டா."

கற்றுக்கொள்வதற்காக உட்கார்ந்தவர் என்றால் தான் செத்த இடத்துக்குப் பத்து விநாடி முன்னால் போய்ப் பார்த்திருப்பார். அண்ணன் அங்கே போவதே இல்லை. செத்த இடத்திலேயே நிறுத்தி, அப்போது மற்ற நால்வரும் எங்கே இருந்தார்கள் என்று சுற்றிப் பார்ப்பதுதான் அவர் முறை.

வீட்டில் இருப்பவர்களுக்கு இந்த விசாரணை ஒரு பக்கம் மட்டும் கேட்கும். "அவன்கிட்ட 28 ஆயிரம் இருந்துச்சு, எனக்கு 19 ஆயிரம்தான். எனக்குச் சேர வேண்டியதையெல்லாம் மிட்காரன் தின்னுட்டான்" என்று உள்ளிருந்து குரல் வர, கூடத்தில் படுத்திருந்த அப்பா எழுந்து உட்காருவார்: "என்னடா, பங்காளிங்க கேட்டுட்டு வந்துட்டாங்களா?"

ஆடும்போது சேரும் கணக்கு போதாதென்று ஆடுவதற்கு முன்பே தோண்டுகிற வழக்கமும் அண்ணனுக்கு உண்டு. டோட்டாபஃப், ஓப்பன்டோட்டா மாதிரி தளங்களில் ஒருவர் பெயரைத் தட்டினால் அவருடைய ஆட்ட வரலாறு வரிசையாக வரும்: எந்த ஹீரோவை எத்தனை முறை எடுத்தார், எத்தனை வென்றார் என்று. ஓப்பன்டோட்டாவில் யார் எத்தனை முறை பிங் அடித்தார், அதாவது வரைபடத்தில் தட்டி மற்றவர்களைக் கூப்பிட்டார் என்ற கணக்குகூடக் கிடைக்கும். புதிதாக ஒருவர் குழுவில் சேர்ந்தால் அண்ணன் வணக்கம் சொல்வதற்குள் அவருடைய வரலாற்றைப் புரட்டியிருப்பார். "தம்பி, நீ பட்ஜ் எடுக்காதே. போன மாசம் எடுத்தப்பல்லாம் தோத்திருக்க." தம்பிக்கு முகம் சுருங்கும். பெண் பார்க்கப் போன இடத்தில்கூட யாரும் இவ்வளவு விசாரித்ததில்லை.

ஆனால் விளையாட்டின் அமைப்புகளில், ஆட்டத் தகவலைப் பொதுவில் காட்டலாமா என்று கேட்கிற சின்னக் கட்டம் ஒன்று இருக்கிறது. அதில் டிக் அடித்தவர்களின் வரலாறுதான் இந்தத் தளங்களில் தெரியும்; அடிக்காதவர்கள் பெயரில்லாதவராகத்தான் வருவார்கள். நால்வரும் டிக் அடித்திருக்கிறார்களா என்று மாதாமாதம் சோதிப்பவர் அண்ணன். அவருடைய கட்டம் காலியாக இருக்கும். கேட்டால், "பிரைவசின்னு ஒண்ணு இருக்குல்ல" என்பார்.

இந்த இனத்தின் மூத்த தலைமுறை பிரவுசிங் சென்டர் காலத்தது. அப்போது டோட்டா தனி விளையாட்டு அல்ல; 2002இல் வந்த வார்கிராஃப்ட் 3 விளையாட்டின் மேல் ரசிகர்கள் கட்டிய ஒரு வரைபடம். முடிந்த ஆட்டம் 'லாஸ்ட் ரீப்ளே' என்ற பெயரில் ஒரே ஒரு கோப்பாகப் பதிவாகும். அடுத்த ஆட்டம் முடிந்தால் பழையதன் மேலேயே புதியது எழுதப்பட்டுவிடும். ஆட்டம் முடிந்த கையோடு பெயரை மாற்றி வைத்தால்தான் தப்பும். மணிக்கணக்குக் காசு தீர்ந்து சென்டர்காரர் எழுப்பிவிடும் அவசரத்திலும், பெயர் மாற்றிப் பென்டிரைவில் ஏற்றிக்கொண்டு போன பெரியண்ணன்கள் உண்டு.

இன்று விளையாட்டை நடத்தும் வால்வ் நிறுவனத்தின் சர்வர் எல்லாவற்றையும் வைத்துக்கொள்கிறது. ஆனால் ரீப்ளேக்கள் சில நாள்களில் அங்கிருந்து போய்விடும், கணக்கு மட்டும் தங்கும். அதற்குப் பயந்து அண்ணன் எல்லாவற்றையும் இறக்கி வைத்திருப்பார். டி டிரைவ் நிறைந்துவிட்டதால் தங்கையின் வளைகாப்பு வீடியோ அழிந்திருக்கும். ஆனால் விளையாட்டுக்குப் புது அப்டேட் வந்துவிட்டால் பழைய ரீப்ளேக்கள் பல ஒழுங்காக ஓடுவதில்லை. ஓடாத ஆதாரத்தை அழிக்கவும் அவருக்கு மனம் வராது.

இவருக்கு ஒன்றுவிட்ட சகோதரர்கள் இருவர். ஒருவர் ஜெயித்த ஆட்டத்தை மட்டும் தேடுபவர். வாழ்நாளில் ஒருமுறை பட்ஜின் கொக்கியை இருட்டில் குத்துமதிப்பாக வீசி எதிரியைப் பிடித்திருப்பார். வீட்டுக்கு வருகிறவர்களுக்குக் காபி வருவதற்குள் அந்த ஆறு விநாடி வந்துவிடும். குறி தவறிய கொக்கிகளும் அதே பதிவில்தான் இருக்கின்றன. அங்கெல்லாம் எட்டு மடங்கு வேகத்தில் ஓட்டிவிடுவார்.

இன்னொருவர் சரித்திரக்காரர். 2012இல் சியாட்டிலில் நடந்த தி இன்டர்நேஷனல் போட்டியில், சீனாவின் ஐஜி அணி அடுக்கடுக்காக வீசிய அத்தனை பெரிய தாக்குதலையும் நாவி அணி தாங்கித் திருப்பி அடித்த காட்சியை வாரம் ஒருமுறை பார்ப்பார். ரசிகர்கள் அதற்கு 'தி ப்ளே' என்றே பெயர் வைத்துவிட்டார்கள். அந்தத் தொடரின் இறுதியில் நாவியைத் தோற்கடித்துக் கோப்பையைத் தூக்கியது அதே ஐஜிதான் என்று சொல்லிப் பாருங்கள். அன்றோடு உங்களோடு பேச்சை நிறுத்திவிடுவார்.

பழைய ஆட்டத்தைப் பார்ப்பது வீண் வேலை என்று யாராவது சொன்னால் அண்ணனிடம் பதில் தயாராக இருக்கும்: "ஓப்பன்ஏஐ ஃபைவ் தெரியுமா?" நியாயமான பதில்தான். அந்தக் கணினி அணி நாளொன்றுக்குச் சராசரியாக 250 ஆண்டு ஆட்டத்துக்குச் சமமாக ஆடி, ஆடிய ஆட்டங்களிலிருந்தே கற்று, 2018இல் உலகப் பட்டம் வென்ற ஓஜி அணியை 2019 ஏப்ரலில் சான் ஃபிரான்சிஸ்கோவில் 2-0 என்று தோற்கடித்தது. அண்ணன் சொல்லாமல் விடுகிற சங்கதி ஒன்று உண்டு. அந்த அணியில் ஐந்து ஹீரோக்களையும் ஆட்டியது ஒரே மூளையின் ஐந்து நகல்கள். பயிற்சிக்கு எதிரே நின்று ஆடியதும் பெரும்பாலும் அதேதான். தோற்றால் பழிபோட வெளியாள் இல்லை. முன்னேறாமல் என்ன செய்யும்?

ரீப்ளேயில் இன்னொரு வசதியும் இருக்கிறது. ஆட்டக்காரர் ஒருவரின் பார்வை என்று தேர்ந்தெடுத்தால், அந்த ஆட்டத்தில் அவர் திரையில் என்ன பார்த்துக்கொண்டிருந்தார், மவுஸ் எங்கே அலைந்தது என்பது அப்படியே தெரியும். அண்ணன் மற்ற நால்வரையும் இதை வைத்துத்தான் மடக்குவார். ஓரிரவு சப்போர்ட் ஆடுகிற தம்பி மெதுவாக, "அண்ணே, அந்த 31வது நிமிஷ சண்டைய உங்க பார்வையில ஒரு தடவ பாக்கலாமா?" என்றான். மறுக்க முடியாத இடத்தில் கேட்டுவிட்டான்.

ஓடியது. வரைபடத்தின் நடுவே நால்வரும் உயிரைக் கொடுத்துச் சண்டை போடுகிறார்கள். பிங் மேல் பிங் விழுகிறது. அண்ணனின் பார்வை காட்டுக்குள் இருக்கிறது. அவருடைய ஹீரோ ஆன்டிமேஜ், பேட்டில்ஃபியூரி என்ற ஆயுதத்தைச் சுழற்றிக் குட்டிப் பூதங்களை அடித்துக்கொண்டிருக்கிறது. நால்வரும் ஒவ்வொருவராகச் சாகிறார்கள். இப்போது ஆன்டிமேஜ் அடிப்பதை நிறுத்திவிட்டு அசையாமல் நிற்கிறது. பதினோரு விநாடி. ஏன் நிற்கிறது என்று எல்லோரும் யோசிக்கும்போது சாட்டில் ஒரு வரி தோன்றுகிறது: 'நூப் டீம்'. நின்றது தட்டச்சு செய்யத்தான்.

அண்ணன் தொண்டையைச் செருமினார். "ரீப்ளே லேக் ஆகுதுடா. காலைல பாப்போம்." கணினியிலேயே இறக்கி வைத்த கோப்பு எப்படி லேக் ஆகும் என்று கேட்க தம்பி வாயெடுத்தான். அதற்குள் அண்ணன் டிஸ்கார்டிலிருந்து வெளியேறியிருந்தார்.

பதிவின் மேல் குற்றமில்லை. எழுதிவைத்த கணக்கை நாலு பேரும் பார்க்கும்படி திறந்துவைப்பது நல்ல பழக்கம்தான். தவறு எல்லாம் பார்க்கிற வரிசையில் இருக்கிறது. நீங்களும் தோற்ற ஆட்டத்தைத் தேடி எடுக்கிறவர் என்றால் இப்படிச் செய்து பாருங்கள்: முதலில் உங்கள் பார்வையைத் தேர்ந்தெடுங்கள். நீங்கள் செத்த இடங்களை மட்டும் எடுத்து, ஒவ்வொன்றுக்கும் பத்து விநாடி முன்னால் போய், அப்போது வரைபடத்தில் எத்தனை எதிரிகள் கண்ணில் பட்டார்கள் என்று எண்ணுங்கள். மூன்று சாவுக்கு இதைச் செய்தால் போதும், கற்க வேண்டியது கிடைத்துவிடும். அதற்குப் பிறகும் மற்ற நால்வரின் பார்வையைத் திறக்கக் கை அரித்தால், கணினியை அணைத்துவிட்டுப் படுத்துக்கொள்ளுங்கள். அவர்கள் எப்போதோ தூங்கிப்போயிருப்பார்கள்.