தலைமை ஆசிரியர் (பொ) சார்பாக ஒரு விண்ணப்பம்

அனுப்புநர்: பட்டுத் தறி நெய்யும் பெற்றோர் ஒருவன், வாலாஜாபாத் ஒன்றியம்.

பெறுநர்: பள்ளிக் கல்வித் துறை, பேராசிரியர் அன்பழகன் கல்வி வளாகம், கல்லூரிச் சாலை, சென்னை.

பொருள்: பதவி உயர்வு விதிகளை ஓயாமல் மாற்றி வழக்கறிஞர் தொழிலை வாழவைத்தமைக்கு நன்றி தெரிவித்தல் – தொடர்பாக.

பார்வை: 1. அரசாணை 181, நாள் 15.11.2011. 2. அரசாணை 13, நாள் 30.1.2020. 3. சென்னை உயர் நீதிமன்றத் தீர்ப்பு, 2.6.2023. 4. அரசாணை 243, நாள் 21.12.2023. 5. உச்ச நீதிமன்றத் தீர்ப்பு, 1.9.2025.

ஐயா / அம்மா,

பார்வையில் கண்டவற்றுள் எனக்கு மிகவும் பிடித்தது இரண்டாவது. பட்டதாரி ஆசிரியர் பணிக்கு நேரடி நியமனத்தில் வருபவர் ஆசிரியர் தகுதித் தேர்வில், அதாவது டெட்டில், தேறியிருக்க வேண்டும். இடைநிலை ஆசிரியராக இருந்து பதவி உயர்வில் அதே நாற்காலிக்கு வருபவருக்கு அது வேண்டாம். எட்டாம் வகுப்புக் கணக்கை இருவரும் ஒரே கரும்பலகையில்தான் போடுகிறார்கள். இந்த நுட்பம் உயர் நீதிமன்றத்துக்குப் பிடிபடவில்லை. 2023-இல் அந்த விதியை அடித்துவிட்டது. 2011 ஜூலை 29-க்கு முன் வேலைக்கு வந்தவர் டெட் இல்லாமல் இருக்கும் இடத்தில் இருக்கலாம், மேலே ஏற டெட் வேண்டும் என்றது. இரண்டு ஆண்டு கழித்து உச்ச நீதிமன்றம், இருப்பதற்கே டெட் வேண்டும் என்றது. ஓய்வுக்கு 5 ஆண்டுக்கு மேல் பாக்கி இருப்பவர் 2 ஆண்டுக்குள் தேற வேண்டும். 5 ஆண்டுக்குள் ஓய்வு பெறுபவர் அப்படியே காலம் தள்ளலாம், பதவி உயர்வு மட்டும் கேட்கக் கூடாது.

நீதிமன்றத்தைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. தகுதியுள்ள ஆசிரியர் வேண்டும் என்று கல்வி உரிமைச் சட்டம் சொல்வது என் மகளுக்காகத்தான். ஆனால் டெட் என்ற ஒன்று 2011-இலேயே தங்கள் கோப்பில் ஏறிவிட்டது. மேலே போகிறவருக்கும் அது உண்டா என்பதை அன்றே முடிவு செய்து, பணியில் இருப்பவர்களை மெல்ல மெல்ல எழுத வைத்திருந்தால், ஐம்பதை நெருங்கும் ஆசிரியர் இன்று ராத்திரியில் கைடு புரட்ட வேண்டியிருக்காது. பாவு ஏற்றி முக்கால் சேலை நெய்த பிறகு டிசைனை மாற்றச் சொல்லும் முதலாளி, நெய்த வரைக்கும் கூலியை எண்ணி வைத்துவிட்டுத்தான் வாயைத் திறப்பார். தாங்களோ உச்ச நீதிமன்றத்தில் மறு ஆய்வு மனு போட்டீர்கள்.

அரசாணை 243 இன்னும் அழகு. தொடக்கக் கல்வியில் பதவி உயர்வுக்கு ஒன்றிய அளவில் இருந்த முன்னுரிமையை மாநில அளவுக்கு ஆக்கினீர்கள். வாலாஜாபாத் ஒன்றியத்தில் மூன்றாவது ஆளாக நின்றவர், விடிந்ததும் கன்னியாகுமரி வரை நீளும் வரிசையில் தன் எண்ணைத் தேடினார். ஆசிரியர் சங்கங்கள் தெருவுக்கு வந்தன.

விதியை மாற்றுவதே தவறு என்று சொல்ல வரவில்லை. பக்கத்து உத்திரமேரூரில், பராந்தக சோழன் காலத்தில், ஊர்ச் சபை வாரியத்துக்கு வருபவரின் வயது 30 முதல் 60 என்று 919-இல் கல்லில் வெட்டினார்கள். 921-இல் அதை 35 முதல் 70 என்று மாற்றினார்கள். இரண்டே ஆண்டில் திருத்தம். தங்களுக்குப் பெருமையான பாரம்பரியம்தான். ஆனால் மாற்றியதையும் ஊர் பார்க்கச் சுவரில் வெட்டி வைத்தார்கள். 'தெளிவுரை' என்று பின்னால் ஒரு கடிதம் அனுப்பவில்லை.

இத்தனை வழக்குக்கு நடுவிலும் பள்ளிக்கூடம் எப்படி நடக்கிறது? அங்கேதான் தங்கள் சாமர்த்தியத்துக்குத் தலை வணங்குகிறேன். டெட்டும் முன்னுரிமையும் பதவி உயர்வுப் பேனலும் தேவைப்படாத ஒரு பதவியைக் கண்டுபிடித்திருக்கிறீர்கள்: தலைமை ஆசிரியர் (பொ), அதாவது பொறுப்பு. எங்கள் பக்கத்துப் பள்ளி ஒன்றை வைத்துக்கொள்ளுங்கள். ஐந்தாம் வகுப்பு டீச்சர் பின்னக் கணக்கைப் பாதியில் விட்டுவிட்டுக் காலை உணவின் ருசி பார்க்கிறார். எமிஸ் இணையதளத்தில் வருகையை ஏற்றுகிறார்; சர்வர் சுற்றுகிறது. பள்ளி மேலாண்மைக் குழுத் தீர்மானத்தில் கையெழுத்துப் போட்டு முத்திரை குத்துகிறார். முத்திரையில் பெயருக்குக் கீழே அந்த '(பொ)' மட்டும் மை பரவாமல் பளிச்சென்று விழுகிறது. தலைமை ஆசிரியர் ஆகத் தகுதி இல்லை என்று நிறுத்தி வைக்கப்பட்டவர், தலைமை ஆசிரியரின் சாவிக்கொத்தைத் தூக்கி அலைய மட்டும் முழுத் தகுதி பெற்றவர். என் மகளின் பின்னக் கணக்கு இன்னும் பாதியில்தான் நிற்கிறது.

ஆகவே பணிந்து கேட்பது:

1. பதவி உயர்வுக்கு இன்னது வேண்டும் என்பதை வேலைக்குச் சேரும் நாளிலேயே சொல்லுங்கள். பேனல் தயாரான மறுநாள் சொல்லாதீர்கள்.

2. நடுவில் மாற்றியே ஆக வேண்டுமென்றால், பழைய விதியை நம்பி வந்தவருக்கு அவகாசமும் பயிற்சியும் கொடுங்கள். 2012-இல் முதல் டெட்டை ஒன்றரை மணி நேரத்தில் நடத்தி, ஏறக்குறைய எல்லாரும் தோற்ற பின், அக்டோபரில் 3 மணி நேரமாக்கியது நினைவிருக்கும். அவகாசம் கொடுக்கத் தங்களுக்குத் தெரியும். முதல் தடவையே கொடுக்கத்தான் தெரியவில்லை.

3. மேற்கண்ட இரண்டும் முடியாதென்றால், '(பொ)' பதவிக்கும் டெட்டைக் கட்டாயமாக்குங்கள். ஒரே வாரத்தில் எல்லா வழக்கும் முடிந்துவிடும்.

இப்படிக்கு,
தங்கள் கீழ்ப்படிதலுள்ள பெற்றோர்.

நகல்: தலைமை ஆசிரியர் (பொ) அவர்களுக்கு. இக்கடிதத்துக்குத் துறையின் சார்பில் பதில் எழுதும் வேலையும் அவரிடமே வந்து சேரும் என்பதால், முன்கூட்டியே அனுப்பப்படுகிறது.