ஆயிரம் பேர் நினைத்தால் நடந்ததாகிவிடுமா?

கேள்வி: நெல்சன் மண்டேலா 1980களிலேயே சிறையில் இறந்ததாகப் பல நாட்டினர் அடித்துச் சொல்கிறார்களே, அவர்கள் இன்னொரு காலவரிசையை எட்டிப் பார்த்தவர்களா?

பதில்: எட்டிப் பார்க்கவில்லை, இட்டு நிரப்பியிருக்கிறார்கள்! மண்டேலா 1990இல் விடுதலையாகி, 1994இல் தென்னாப்பிரிக்க அதிபராகி, 2013இல்தான் மறைந்தார். நினைவு ஒவ்வொரு முறையும் புதிதாகச் சமைக்கப்படுகிறது; இல்லாத சரக்குக்குப் பதிலாக மூளை கையில் அகப்பட்டதைப் போட்டுவிடும். 1974இல் வெளியான ஆய்வொன்றில் எலிசபெத் லாஃப்டஸும் ஜான் பாமரும் விபத்துப் படம் காட்டி, கார்களின் வேகத்தைக் கேட்டார்கள். கேள்வியில் 'இடித்தபோது' என்று கேட்கப்பட்டவர்களில் 14 சதவீதத்தினரும், 'மோதி நொறுங்கியபோது' என்று கேட்கப்பட்டவர்களில் 32 சதவீதத்தினரும், படத்தில் இல்லாத கண்ணாடிச் சிதறலை ஒரு வாரம் கழித்துப் 'பார்த்ததாக'ச் சொன்னார்கள்.

'தனியொருவர் தவறலாம், இத்தனை பேருமா?' என்பீர்கள். எல்லோருக்கும் கிடைத்த துணுக்குகள் ஒன்றாக இருந்தால் கோக்கும் கதையும் ஒன்றாகத்தானே இருக்கும்? மண்டேலாவின் 27 ஆண்டுச் சிறைவாசமும், 1977இல் காவலில் இறந்த இன்னொரு தென்னாப்பிரிக்கப் போராளி ஸ்டீவ் பிகோவின் செய்தியும் மனத்தில் கலந்திருக்கலாம். வேறோர் உலகின் காட்சியென்றால், யாரும் ஊகிக்க முடியாத, பின்னர் சரிபார்க்கக்கூடிய ஒரு தகவலாவது அங்கிருந்து வந்திருக்க வேண்டும். வரவில்லை. சாட்சியின் உறுதியான குரலை நம்பி நீதிமன்றங்கள் தண்டிப்பதும் உண்டு. ஆகவே உறுதி வேறு, உண்மை வேறு என்று அறிவது நம் கடமை.