விளையாத நெல்லுக்கு ஓர் அடங்கல்

பல பிரபஞ்சங்களின் காலக்கோடுகளை மேஜைமேல் பரப்பி, இது செல்லும், இது செல்லாது என்று முத்திரை குத்துகிற ஓர் அலுவலகத்தை 2021-இல் வந்த 'லோகி' தொடரில் மார்வெல்காரர்கள் காட்டினார்கள். உலகம் வாய்பிளந்தது. வேலூர், ஆம்பூர்ப் பக்கத்துக்காரர்கள் வாய்பிளக்க நியாயமில்லை. அதற்கு அண்ணன் முறை வேண்டிய அலுவலகம் ஒன்று 1996-லேயே நமக்காகத் திறந்தாயிற்று. பெயர், சூழலியல் இழப்பு (தடுப்பு மற்றும் இழப்பீடு வழங்கல்) ஆணையம். பெயரை ஒரே மூச்சில் சொல்லி முடிப்பவருக்குத் தனியாக ஒரு தொகை தரலாம். தோல் ஷாப் என்று சொல்லப்படும் தோல் பதனிடும் ஆலைகளின் கழிவுக்கு எதிராக 1991-இல் வேலூர் குடிமக்கள் நல மன்றம் போட்ட வழக்கில், 1996 ஆகஸ்ட் 28 அன்று நீதிபதி குல்தீப் சிங் தலைமையிலான உச்சநீதிமன்ற அமர்வு, கெடுத்தவரே கொடுக்கவேண்டும் என்று தீர்ப்புச் சொன்னது. அதன் பிள்ளைதான் இந்த ஆணையம்.

இதன் வேலை எவ்வளவு விசித்திரமானது என்பது, மற்றக் கணக்கர்களோடு வைத்துப் பார்த்தால்தான் தெரியும். கிராம நிர்வாக அலுவலர் எழுதும் அடங்கலில் சர்வே எண், பரப்பு, என்ன பயிர், எந்தப் பாசனம் என்று நடந்தது மட்டுமே இருக்கும். பயிர் இல்லையா, 'தரிசு' என்று ஒரு சொல்லோடு கதை முடிந்தது. காஞ்சிபுரத்தில் கோயில் கொண்டிருக்கும் சித்திரகுப்தனும் அதே ரகம்தான். செய்த பாவம், செய்த புண்ணியம், அவ்வளவே. செய்யாமல் விட்டதற்கு அவரிடம் பேரேடு இல்லை. ஆணையம் எழுதவேண்டியிருந்ததோ, தோல் ஷாப்பே வராத ஒரு பாலாற்றங்கரையின் அடங்கல். அந்தக் கரையில் கிணற்றுத் தண்ணீர் வாயில் வைக்கும்படி இருக்கும், தென்னை காய்க்கும், நெல் பால்பிடிக்கும். நம்முடைய கரையில், வேளாண் பல்கலைக்கழக ஆய்வு மையத்தின் கணக்குப்படி, ஏறக்குறைய 35,000 ஹெக்டேர் விளைநிலம் பாதியாகவோ முழுதாகவோ பாழ். இரண்டு கரைகளுக்கும் உள்ள வித்தியாசத்தை ரூபாயாக மாற்று என்பதே உத்தரவு. 2001 மார்ச் 7 அன்று ஆணையம் மாற்றியும் காட்டியது: 547 தோல் ஆலைகள் சேர்ந்து 29,193 பேருக்கு 26.82 கோடி ரூபாய்.

நடக்காததற்குப் பணமா, இது சட்டமா ஜோசியமா என்று கேட்பவர்கள் உண்டு. அவர்கள் ஒருநாள் மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தில் போய் உட்காரவேண்டும். லாரியில் அடிபட்டு இறந்தவர் உயிரோடு இருந்திருந்தால் எத்தனை வருஷம் சம்பாதித்திருப்பார், சம்பளம் எவ்வளவு ஏறியிருக்கும், தன் சாப்பாட்டுக்கு எவ்வளவு எடுத்துக்கொண்டிருப்பார் என்று, வராமல் போன ஒரு வாழ்க்கையைக் கடைசிப் பைசாவரை அங்கே எழுதுகிறார்கள். யாரும் சிரிப்பதில்லை. ஆளுக்கு எழுதலாம், கிணற்றுக்கு எழுதக்கூடாது என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை.

இன்னொரு ஆட்சேபம் கனமானது. அப்படியானால் தோல் இல்லாத ஆம்பூரையும் எழுதுங்கள். வாணியம்பாடியும் பேரணாம்பட்டும் மேல்விஷாரமும் என்ன ஆகியிருக்கும், பதப்படுத்திய தோல் ஏற்றுமதியில் நாட்டின் 80 சதவீதம் தமிழ்நாட்டிலிருந்து போகிறது என்று 1996 தீர்ப்பே சொன்னதே, அந்தக் கூலியையும் லாபத்தையும் கழிக்கவேண்டாமா? கழிக்கலாம்தான், லாபம் போன வீட்டிலேயே நஷ்டமும் விழுந்திருந்தால். டாலர் ஒரு வீட்டுக்கும் குரோமியம் வேறொருவர் கிணற்றுக்கும் போனபிறகு, இரண்டையும் ஒரே பக்கத்தில் எழுதிக் கூட்டல் போடுவது எந்தப் பள்ளிக்கூடத்துக் கணக்கு? அதோடு, ஷாப்பை மூடு என்று யாரும் மொத்தமாகச் சொல்லவில்லை. சுத்திகரித்துவிட்டு நடத்து என்றார்கள். அந்த மூன்றாவது காலக்கோட்டைத்தான் பலர் எண்ணிப் பார்ப்பதே இல்லை.

ஆக, நடக்காத உலகத்தைக் கற்பனை செய்ததில் நகைப்புக்கு இடமில்லை. நகைப்பெல்லாம் நடந்த உலகத்தில்தான். மொத்தத் தொகையை ஆட்களால் வகுத்தால் தலைக்குச் சராசரி 9,200 ரூபாய்கூட வராது. கணக்கெடுத்த காலமோ 1991 ஆகஸ்ட் முதல் 1998 டிசம்பர் வரை, ஏழு வருஷத்துக்கும் மேல். மாதத்துக்கு நூறு ரூபாய் சொச்சம். ஒரு வயலின் மாண்ட விளைச்சலுக்கான அந்தத் தொகையில் இன்றைக்கு ஆம்பூரில் ஒரு பிளேட் மட்டன் பிரியாணி கிடைக்காது. அதையாவது கையில் கொடுத்தார்களா என்றால், வாங்காதவர்களுக்கு ஆறு வாரத்துக்குள் அரசே கொடுத்துவிட்டு ஆலைகளிடம் வசூலித்துக்கொள்ளட்டும் என்று உச்சநீதிமன்றம் உத்தரவிட்டது 2025 ஜனவரி 30-இல். இதற்கிடையே, வழக்குப் போட்டபோது வட ஆற்காடு அம்பேத்கர் மாவட்டமாக இருந்தது, தொகை நிர்ணயித்தபோது வேலூராகி, 2019-இல் வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் என்று மூன்றாகக் கிளைத்துவிட்டது. ஃபைலை அசைக்காமலே அதை மாவட்டம் மாவட்டமாக அனுப்பிவைக்கும் வித்தை மார்வெலிடம்கூட இல்லை.

கணக்கு 1998 டிசம்பர் 31-இல் நிற்பதும் யோசிக்கத்தக்கது. மறுநாள் காலை கிணற்றிலிருந்த உப்பும் குரோமியமும் உத்தரவின் நகலைப் படித்துப் பார்த்துவிட்டு மூட்டை கட்டிக்கொண்டு கிளம்பின என்று வைத்துக்கொண்டால்தான் அது பொருந்தும். கிளம்பவில்லை என்பது நீதிமன்றத்துக்கும் தெரிந்திருக்கிறது. சேதம் சரியாகும்வரை ஆலைகளின் பொறுப்பு தீராது என்கிறது அதே 2025 தீர்ப்பு. அப்படியென்றால் 1999 தொடங்கி ஒவ்வொரு போகத்துக்கும் யாராவது உட்கார்ந்து, விளையாத நெல்லை மூட்டை மூட்டையாக எண்ணித்தான் ஆகவேண்டும்.